நீதவான் வீட்டுக்குப் போன கத்தச் சோறு

திருகோணமலை,
புதன்கிழமை, லுஹர் தொழுத பின்.

ஒம்புட்ஸ்மன் என்று எல்லோரும் சொல்லுகிற மாண்புமிகு குறைகேள் அதிகாரி ஐயா அவர்களின் சமூகத்துக்கு,

உங்கள் சமயம் எதுவென்று எனக்குத் தெரியாது. ஆகவே ஸலாம், வணக்கம், ஆயுபோவன் மூன்றையும் இதில் வைக்கிறேன். உங்களுக்கு உரியதை எடுத்துக்கொண்டு மிச்சத்தைக் கந்தோரில் உள்ளவர்களுக்குப் பிரித்துக் கொடுங்கள். நானும் மகள் அம்ராவும் சுகம். சுகமாக இருப்பவள் ஏன் ஒம்புட்ஸ்மனுக்கு எழுதுகிறாள் என்று நீங்கள் கேட்பீர்கள். கடிதம் அப்படித்தான் தொடங்க வேண்டும் என்று ஐந்தாம் வகுப்பில் சொல்லித்தந்தார்கள். அதோடு படிப்பை நிறுத்திவிட்டேன். ஆகவே கடிதத்தைத் தொடங்கத் தெரியும், நடுவில் எப்படிப் போவது, எங்கே நிற்பது என்பதெல்லாம் தெரியாது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

வந்த காரியம் இரண்டு. ஒன்று, போன வருஷம் நான் நீதவான் ஐயா மேல் அனுப்பிய பெட்டிசத்தை உடனே கிழித்துவிட வேண்டும். மற்றது, என் கணவருடைய சைக்கிளை நீங்கள் கண்டுபிடித்துத் தர வேண்டும்.

என் கணவர் முனீப் சைக்கிளில் மீன் விற்றவர். பின்னால் பெரிய கரியல், அதில் பலகைப் பெட்டி, கைப்பிடியில் ரப்பர் ஹோன். இரண்டு வருஷத்துக்கு முன்னர் ஒரு காலையில், துறைமுகத்திலிருந்து கம்பி ஏற்றி வந்த லொறி வளைவில் அவரை அடித்தது. அந்த இடத்திலேயே மவுத்தாகிவிட்டார். பொலிஸ் அறிக்கையில் என்ன எழுதினார்கள் தெரியுமா? 'இறந்தவர் பிழையான பக்கத்தால் வந்து லொறியின் முன்பக்கத்தில் நேருக்கு நேர் மோதினார்.' லொறிக்கு நோகவில்லையா என்று விசாரித்து எழுதாததுதான் குறை. ஐயா, அந்த மனுசன் இடப்பக்கம் தவிர வேறு பக்கம் அறியாதவர். ஒழுங்கையில் ஆளில்லாத நேரத்திலும் இடப்பக்கம்தான். எதிர்ப்பக்கத்து வீட்டுக்காரர் மீனுக்குக் கூப்பிட்டால் இறங்கி, இரண்டு பக்கமும் பார்த்து, சைக்கிளை உருட்டிக்கொண்டு போவார். அதற்குள் பூனை வந்து சட்டிக்குப் பக்கத்தில் இருந்துவிடும். பத்தொன்பது வருஷம் பாயிலும் இடப்பக்கம்தான் படுத்தார். நான் காசு கேட்டு எழுதவில்லை. 'முனீப் பிழையான பக்கத்தால் வரவில்லை' என்று வழக்கு நடக்கிற கோட்டில், ஒருவர், வாயைத் திறந்து சொல்ல வேண்டும். அவ்வளவுதான் எனக்கு வேண்டியது.

பதினொரு மாதம் ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. தவணை தவணை என்று போய்க்கொண்டிருந்தது. அதற்குப் பிறகுதான் அந்த நீதவான் ஐயா மாறி வந்தார். வயது குறைவு, குரலும் குறைவு. அறிக்கையைப் படித்துவிட்டுப் பொலிஸாரிடம், "நேருக்கு நேர் எண்டா சைக்கிளின்ர முன் சில்லு எப்படி இருந்தது?" என்று கேட்டார். ஒருவருக்கும் தெரியவில்லை. "அடுத்த தவணைக்குச் சைக்கிளைக் கொண்டு வாங்கோ. நானும் அந்த வளைவை வந்து பாப்பன்" என்றார். நான் பின் வாங்கில் இருந்து அழுதுவிட்டேன். பக்கத்தில் இருந்தவர் நான் வழக்கில் தோற்றுவிட்டேன் என்று நினைத்துத் தண்ணீர்ப் போத்தலை நீட்டினார்.

அத்தோடு நான் சும்மா இருந்திருக்கலாம். இருந்தேனா?

அடுத்த வெள்ளி, அவர் பேரால் ஓதிச் சோறு கொடுக்கிற வருஷக் கத்தம். கணவரின் தம்பி ஸஜ்ஜாத் கட்டாரிலிருந்து போன் எடுத்து, "மதினி, கத்தம் குடுக்கிறது மார்க்கத்தில இல்லை" என்றான். "சரி தம்பி, நீ சாப்பிடாத" என்று சொல்லிவிட்டு அரிசியைப் போட்டேன். எங்கள் ஒழுங்கையில் ஒரு வழக்கம் உண்டு. கத்தச் சோறு கொடுத்தால் ஒரு வாசலையும் தாண்டக் கூடாது. தமிழர் வீடோ சிங்களவர் வீடோ, கோபக்காரர் வீடோ, எல்லா வாசலுக்கும் போக வேண்டும். ஒரு வாசலைத் தாண்டினால் மவுத்தானவருக்குப் போகிற நன்மை அந்த வாசலில் தடக்கி நின்றுவிடும் என்பார்கள். ஒழுங்கையில் இருபத்திமூன்று வாசல். இருபத்திமூன்றாவது வாசல், நீதவானின் குவாட்டஸ்.

இருபத்திரண்டு வீட்டுக்கும் பார்சல் கட்டிக் கொடுத்தேன். நீதவானுக்குப் பார்சலிலா கொடுப்பது? எங்கள் கலியாணத்துக்கு மாமி தந்த மூடிபோட்ட சில்வர்ச் சட்டியை எடுத்துத் துலக்கி, இறைச்சித் துண்டுகளை மேலே பார்த்து அடுக்கி, நானே கொண்டுபோய் வாசலில் நின்ற பொலிஸ்காரரிடம் கொடுத்தேன். ஐயா, என் புத்தி கடைசி பஸ் மாதிரி. எல்லோரும் வீட்டுக்குப் போன பிறகுதான் வரும். அந்தச் சட்டியின் மூடியில் மாமி பெயர் வெட்டுவித்திருந்தார். கொட்டை எழுத்தில், 'அ. முனீப்' என்று.

நீதவான் ஐயா பகல் சாப்பாட்டுக்கு வந்து மேசையில் பார்த்தால், தான் விசாரிக்கிற மரண வழக்கில் செத்துப்போனவர் சோறு அனுப்பியிருக்கிறார்.

திங்கட்கிழமை கோட்டில் பெயர் கூப்பிட்டார்கள். நீதவான் ஐயாவின் முன்னால் சட்டி இருந்தது. லொறிக்காரரின் லோயர் எட்டிப் பார்த்தார். நீதவான் ஐயா அந்தப் பொலிஸ்காரரைக் கூப்பிட்டு, "இதைத் திருப்பிக் குடுக்கச் சொன்னனான். உள்ளே இருந்த சாப்பாடு எங்க?" என்று கேட்டார்.

"சேர், கத்தச் சோத்தைத் திருப்பினா பாவம் எண்டு சொல்லுவாங்க சேர்."

"அதுக்கு?"

"சாப்பிட்டுட்டன் சேர். சட்டியைக் கழுவித்தான் சேர் வச்சனான்."

கோடே சிரித்தது. எனக்கு அப்போதும் புத்தி வரவில்லை. எழும்பி நின்று, "ஐயா, நீங்க சாப்பிடேல்லத்தானே! திண்டது அவர். அவர்ட வழக்கு ஏதும் இருந்தா அதை வேற ஆளிட்டக் குடுங்கோ, எங்கட வழக்கை நீங்க வச்சிருங்கோ" என்று சொல்லிவிட்டேன். என் லோயர் மேசைக்குக் கீழே பேனையைத் தேடத் தொடங்கினார். தவணை முடியுமட்டும் அந்தப் பேனை கிடைக்கவில்லை.

நீதவான் ஐயா சிரிக்கவில்லை, ஏசவுமில்லை. "அம்மா, நீங்க மனசோட தந்தது எனக்கு விளங்குது. ஆனா நான் இந்த வழக்கைக் கேட்டு உங்கட மனுசன் சரியான பக்கத்தாலதான் வந்தவர் எண்டு சொன்னா, நாளைக்கு என்ன கதைப்பினம்? சோத்தைத் திண்டுட்டுச் சொன்னவர் எண்டுதானே? அப்ப அவர்ட பேர் இந்தச் சட்டிக்குள்ளேயே கிடக்கும்" என்றார். வழக்கை வேறு கோட்டுக்கு மாற்றச் சொல்லி எழுதினார். சட்டியையும் வழக்கோடு சேர்த்துக் கட்டிவிட்டார்கள்.

எனக்கு வந்த கோபம் சொல்ல ஏலாது. மவுத்தானவர் பேரால் போன சோற்றை வேண்டாம் என்று சொல்வதா? கேள்வி கேட்கத் தெரிந்த ஒரே மனுசன், எங்களைக் கைவிட்டுப் போவதா? நேரே கோட்டுக்கு வெளியே மரத்தடியில் பெட்டிசம் எழுதுகிற இராசதுரை அண்ணனிடம் போனேன். நான் ஒரு சொல் சொன்னால் அவர் ஒன்பது சொல் எழுதுவார். 'ஏழை விதவையின் கண்ணீரைக் காலால் மிதித்த கல்நெஞ்சர்' என்று நான் சொல்லவில்லை, ஐயா. கண்ணீர் மட்டும்தான் என்னுடையது. கால், கல் இரண்டும் அண்ணனுடையது. ஆனால் வாசித்துக் காட்டியபோது, "நல்லா இரிக்கி, இன்னும் கொஞ்சம் போடுங்கோ" என்று சொன்னது நான்தான்.

அதற்கு உங்கள் கந்தோரிலிருந்து பதில் வந்தது. 'திருவாளர் சித்தி பரீதா அவர்கட்கு' என்று தொடங்கியிருந்தது. பரவாயில்லை, அவருக்குப் பிறகு வீட்டில் ஆண்பிள்ளை வேலையெல்லாம் நான்தானே செய்கிறேன். நீதவான்மாரின் செயல் உங்கள் அதிகாரத்துக்குள் வராது என்று எழுதியிருந்தீர்கள். அதைக் கொண்டுபோய் இராசதுரை அண்ணனைப் பிடித்தேன்.

"இதென்ன அண்ணன்? ஒம்புட்ஸ்மன் எல்லாரையும் கேக்கலாம் எண்டு சொன்னீங்க?"

"கந்தோர்காரரைக் கேக்கலாம் தங்கச்சி. நீதவானைக் கேக்கேலாது. அதுக்கு வேற ஆணைக்குழு இருக்கு."

"அப்ப நீதவானை ஒருத்தரும் பிடிச்சு ஆட்டக் கூடாதோ?"

"ஆட்டலாமெண்டா, முதல்ல வந்து ஆட்டுறது நீங்களோ? லொறிக்காரன் உங்களுக்கு முதல் வந்து நிப்பான்."

இதை ஒரு வருஷத்துக்கு முன்னர், பெட்டிசம் எழுத முதல் சொல்லியிருக்கலாம். கேட்டேன். "நீங்க கேக்கேல்லையே" என்றார்.

அன்றைக்குத்தான் எனக்கு விளங்கியது. பொலிஸில் கேட்டால் கோட்டில் கேள் என்றார்கள், கோட்டில் கேட்டால் லோயரைக் கேள் என்றார்கள், லோயரைக் கேட்டால் அல்லாஹ்வைக் கேள் என்றார். இத்தனை பேருக்குள் ஒரு மனுசன்தான் தன்னைத் தானே கேட்டவர். அவர் மேல்தான் நான் பெட்டிசம் போட்டிருக்கிறேன். இந்த ஜனவரியில் அவரைத் தூர ஊருக்கு மாற்றிவிட்டார்கள். என்னால்தானோ என்று இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. "வருஷா வருஷம் வாற மாத்தம் தங்கச்சி. என்ர பெட்டிசத்துக்கு அவ்வளவு பலமெண்டா நான் ஏன் இன்னும் மரத்தடியில இருக்கிறன்?" என்றார் அண்ணன். இருந்தாலும் கிழித்துவிடுங்கள். கிழித்ததற்கு ஒரு கடிதமும் போடுங்கள்.

இனி சைக்கிள். வழக்கு இப்போது கந்தளாய் பஸ்ஸில் ஏறிப் போகிற ஒரு கோட்டில் நடக்கிறது. முதல் தவணை எங்கள் லோயர் வரவில்லை, இரண்டாவதில் அவர்களுடைய லோயர் வரவில்லை, மூன்றாவதில் எல்லோரும் வந்தார்கள், நான் பஸ் மாறி வெருகல் பஸ்ஸில் ஏறிவிட்டேன். நாலாவதில் புது நீதவான் ஐயா, பழைய நீதவான் சொன்ன சைக்கிளைக் கொண்டு வாருங்கள் என்றார். பொலிஸார் கொண்டுவந்து நிறுத்தினார்கள். இளஞ்சிவப்பு நிறத்தில், முன்னால் பூக்கூடை வைத்த லேடீஸ் சைக்கிள்.

"இது அவர்ட இல்லை" என்றேன்.

"நம்பர் சரி" என்றார் பொலிஸ்காரர்.

"தம்பி, இதில பூ விக்கலாம். அறக்குளா மீன் விக்கேலாது."

பக்கத்தில் என் சில்வர்ச் சட்டியையும் கொண்டுவந்து வைத்தார்கள். இரண்டையும் ஒன்றாகப் பார்த்தால், என் கணவர் லேடீஸ் சைக்கிளில் சோறு கொண்டு போன நேரம் அடிபட்ட மாதிரி இருந்தது. அவர்களுடைய லோயர், "ஒருவேளை கூடையைப் பாத்துக்கொண்டு வந்ததாலதான் பக்கம் மாறினவரோ?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. அவரைப் பார்த்து மற்றவர்கள் சிரிக்க நான்தானே வழி செய்து கொடுத்தேன்? அன்று சோற்றை இருபத்திரண்டு வாசலோடு நிறுத்தியிருந்தால், அந்த நீதவான் ஐயா முன் சில்லைப் பார்த்திருப்பார்.

பொலிஸ், கந்தோர் சாதிதான். உங்கள் அதிகாரத்துக்குள் வரும் என்று இராசதுரை அண்ணன் சொல்கிறார். அந்தச் சைக்கிளை அவர்கள் எங்கே தொலைத்தார்கள், எந்தப் பற்றைக்குள் போட்டார்கள், யாருக்குக் கொடுத்தார்கள் என்று கேளுங்கள். முன் சில்லு சொல்லும், யார் எந்தப் பக்கத்தால் வந்தது என்று. இந்த முறை அண்ணனிடம் கொடுக்காமல் நானே எழுதுகிறேன். எழுத்துப் பிழை எல்லாம் என் சொந்தம்.

உங்கள் பிள்ளை குட்டிகளுக்கு நீண்ட ஆயுளும், உங்களுக்கு நல்ல கண் பார்வையும் கிடைக்கத் துஆ செய்கிறேன். என் கையெழுத்தை வாசிக்க அது தேவைப்படும். வீட்டில் எல்லோருக்கும் ஸலாம் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
மர்ஹூம் முனீபின் மனைவி
சித்தி பரீதா

பி.கு.: வியாழக்கிழமை காலை. தபாலில் போட முதல் இதையும் எழுதுகிறேன். நாளைக்கு இரண்டாம் வருஷக் கத்தம். சமைக்கிற இடத்துக்கு மேலே கட்டப் படங்கு வேண்டும் என்று குசினிக்குப் பின்னால் போய், இரண்டு வருஷமாக விறகுக்குப் பக்கத்தில் கிடந்த நீலப் படங்கை இழுத்தேன். கீழே அவருடைய சைக்கிள் நிற்கிறது.

ஸஜ்ஜாதுக்குப் போன் எடுத்தேன். "நீங்க அவர் மவுத்தாகி இத்தாவில வீட்டோட இருக்கக்குள்ள நான்தான் பொலிஸில கையெழுத்துப் போட்டு எடுத்து வந்தன் மதினி. கோடு கேட்டா கொண்டு வரணும் எண்டு சொல்லித்தான் தந்தவங்க. நீங்கதானே, அதை என்ர கண்ணில காட்டாத, அதைப் பத்தி ஒரு கதையும் கதைக்காத எண்டு அழுதீங்க? அதான் மூடிட்டு நான் கட்டாருக்கு வந்துட்டன்" என்றான். சொன்னேன்தான். ஆகவே மேலே பொலிஸாரைப் பற்றி எழுதியதையும் கிழித்துவிடுங்கள் என்று எழுதப் போனேன். அம்ரா விடவில்லை. "பதிவுப் புத்தகத்தைப் பாக்காம ஆர்டயோ சைக்கிளைக் கொண்டு வந்தது அவங்கட பிழைதானேம்மா" என்கிறாள். அதுவும் சரிதான். அப்படியென்றால் பாதியைக் கிழியுங்கள். எந்தப் பாதி என்று நீங்களே பாருங்கள், நீங்கள்தானே ஒம்புட்ஸ்மன்.

முன் சில்லில் ஒரு கம்பிகூட வளையவில்லை, ஐயா. பின் கரியல் மடிந்து சீட்டோடு ஒட்டிக் கிடக்கிறது. பின்னால் வந்துதான் அடித்திருக்கிறான். படிக்காத எனக்கே தெரிகிறது. அடுத்த தவணைக்கு இதைக் கோட்டுக்குக் கொண்டு போவேன். ஹோனை மெல்ல ஒருமுறை அமத்திப் பார்த்தேன். சத்தம் வந்தது. அடுத்த வீட்டு நுஸ்ரத் மீன் என்று நினைத்துச் சட்டியோடு ஓடி வந்துவிட்டாள். வந்து சைக்கிளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், சட்டியைக் கீழே வைத்துவிட்டு என் பக்கத்தில் இருந்துகொண்டாள்.

இன்னொன்று. நாளைக்குச் சோறு இருபத்திரண்டு வாசலுக்குத்தான். உங்கள் கந்தோர் எங்கள் ஒழுங்கையில் இல்லை என்றாலும், நாவூறும் அளவுக்கு எழுதிவிட்டேனோ என்று ஒரு யோசனை. உங்களுக்கும் அனுப்பமாட்டேன், ஐயா. நான் உங்களுக்குச் செய்கிற மரியாதை அது.