எட்டு மணிக்குப் புறப்படும் வண்டி

"மணி எட்டரை ஆச்சு! கிளப்புறியா, இல்ல நானே ஓட்டட்டுமா?"

பயாருஹங்கா வாத்தியாருக்கு மூக்கு விடைத்தது. கழுத்தை இறுக்கும் டையோடும் தேய்த்த கோட்டோடும் வேனின் முன் இருக்கையில் உட்கார்ந்திருந்தார். பகல் பன்னிரண்டு மணிக்கு ஹோய்மாவில் தலைமையாசிரியர் பதவிக்கு நேர்காணல். இருபத்திரண்டு வருடம் காத்திருந்து வந்த அழைப்பு. இதை விட்டால் அடுத்து ஓய்வுதான்.

கணக்கு வாத்தியார் கணக்குப் போடாமல் கிளம்புவாரா? அழைப்புக் கடிதத்தின் பின்பக்கத்திலேயே போட்டிருந்தார். மொத்தம் நூற்றிருபது கிலோமீட்டர். தார்ச்சாலை, செம்மண் சாலை, சேற்றுப் பாதை 3:2:1 என்ற விகிதத்தில். அதாவது அறுபது, நாற்பது, இருபது. வேகமும் அதே விகிதம்: மணிக்கு அறுபது, நாற்பது, இருபது. ஒவ்வொன்றுக்கும் ஒரு மணி நேரம், ஆக மூன்று. எட்டுக்குக் கிளம்பினால் பதினொன்றுக்கு ஹோய்மா. மீதி நேரத்தில் ஷூவைத் துடைத்து, தேநீர் குடித்து, தலை வாரிக்கொள்ளலாம்.

அவர் ஏறியபோது பதினான்கு இருக்கையில் பன்னிரண்டு பேர் இருந்தார்கள். பதின்மூன்றாவது ஆள் அவர். கோழியும் கையுமாக ஓர் அம்மாள் ஏறியதும், "ஆச்சு, நிறைஞ்சிடுச்சு!" என்றார் வாத்தியார். அந்த நிமிடமே மஞ்சள் தொப்பிக்காரன் ஒருவனும் இன்னும் மூன்று பேரும் இறங்கிப் போனார்கள்.

வண்டி நிறைந்ததுபோல் காட்டக் கூலிக்கு உட்காரும் ஆட்கள். அப்படி ஒரு தொழில் இருப்பது ஊருக்கே தெரியும், வாத்தியாருக்கும் தெரியும். அவருடைய கணக்கில்தான் அவர்களுக்கு இடம் கிடையாது.

"ஒரு ஆள் ஏறினா நாலு பேர் இறங்குறான்! இது என்ன விகிதம்யா?"

"நிறைஞ்சா கிளம்பும்," என்றான் ஓட்டுநர், சுட்ட வாழைப்பழத்தை மென்றுகொண்டே.

ஒன்பது மணி. ஆத்திரம் தலைக்கேறிவிட்டது. பின்னால் நின்ற வேனில் பதின்மூன்று தலை தெரிந்தது. பையைத் தூக்கிக்கொண்டு இறங்கினார்.

"இறங்காதீங்கய்யா, இன்னும் நாலே பேர்தான்," என்றாள் கோழி அம்மாள்.

"உங்க கோழிகிட்ட யோசனை கேட்டுத்தானா நான் கணக்கு வாத்தியார் ஆனேன்?"

அடுத்த வேனின் வாசலில் ஓர் இளைஞன், நடத்துநர் காஹ்வா, பல்லெல்லாம் தெரிய வரவேற்றான். "வாங்க அமூத்தி!"

அது வேண்டியவர்கள் மட்டும் அவரை மரியாதையோடு கூப்பிடும் செல்லப்பெயர். இந்தப் பயலுக்கு யார் சொன்னது? கேட்க நேரமில்லை. உள்ளே போனால் மஞ்சள் தொப்பிக்காரன் ஜன்னலோரம் உட்கார்ந்து சிரித்தான். வாத்தியார் உட்கார்ந்ததும் எழுந்து கும்பிட்டுவிட்டு இறங்கினான். அவன் பின்னாலேயே மற்ற பன்னிரண்டு பேரும் இறங்கினார்கள். வண்டியில் மிஞ்சியது வாத்தியார் ஒருவர்தான்.

அந்த நேரம் பார்த்து முதல் வேன் நிறைந்து கிளம்பியது. கோழி அம்மாள் ஜன்னல் வழியாகக் கையசைத்தாள். கோழி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"திருட்டுப் பயலுகளா!" வாத்தியார் கோட்டைக் கழற்றி இருக்கையில் வீசினார். நடுத்தெருவில் நின்று தொண்டை கிழியக் கத்தினார். "ஹோய்மா! ஹோய்மா! வாங்க, வாங்க! உடனே கிளம்புது!"

அவரிடம் படிக்கும் பிள்ளையின் அப்பா ஒருவர் சைக்கிளை நிறுத்தினார். "என்ன வாத்தியாரே, பள்ளிக்கூடத்துல வேலைய விட்டு நிறுத்திட்டாங்களா?"

"ஏறுறதுன்னா ஏறுய்யா, இல்ல வழிய விடு!"

பிள்ளைகளை அதட்டிப் பழகிய குரல் வீண்போகவில்லை. பத்தே கால் மணிக்கு வண்டி நிறைந்தது. ஆனால் அவசரத்தில் அவர் கூவி ஏற்றியவர்களில் பாதிப்பேர் பக்கத்து ஊர்க்காரர்கள். இரண்டு கிலோமீட்டருக்கு ஒருவராக இறங்கினார்கள். காலி இடம் நிறைய ஒவ்வொரு சந்தையிலும் வண்டி நின்றது. தார், செம்மண், சேறு எல்லாம் ஒரே வேகத்தில் போயின.

ஹோய்மா வந்தபோது மணி இரண்டு. கல்வி அலுவலகத்தில் குமாஸ்தா ஒருத்தி மட்டும் சாப்பாட்டுப் பாத்திரத்தைக் கழுவிக்கொண்டிருந்தாள். "பன்னிரண்டரைக்கே ஆளைப் போட்டாச்சுய்யா. அவர் நேத்தே வந்து தங்கிட்டார்."

இருபத்திரண்டு வருடம். அவருக்கு அழுகை வந்தது, அழுகையை விடப் பெரிதாகக் கோபம் வந்தது. விடுவிடுவென்று வண்டி நிற்கும் இடத்துக்கு நடந்தார். காஹ்வா திரும்பிப் போகும் வண்டிக்கு ஆள் கூவிக்கொண்டிருந்தான்.

கடிதத்தை அவன் முகத்துக்கு நேரே ஆட்டினார். "பாருடா! எட்டு மணிக்குக் கிளம்பினா பதினொண்ணு! சின்னப் பிள்ளை போடுற கணக்கு! இதுகூடத் தெரியாம வண்டி ஓட்டுறீங்களே, உனக்கெல்லாம் எவன்டா கணக்குச் சொல்லிக் கொடுத்தான்?"

காஹ்வா கடிதத்தை வாங்கி நிதானமாகப் படித்தான். மரியாதையாக மடித்துத் திருப்பிக் கொடுத்தான்.

"நீங்கதான் அமூத்தி. ஏழாம் வகுப்புப் பரீட்சையில இதே கணக்குத்தான் கொடுத்தீங்க. 'மொதல்ல வண்டி நிறையட்டும்'னு எழுதினேன். முட்டை போட்டீங்க."