மாப்பிள்ளையின் இடுப்புத் துப்பாக்கி குறித்து மாமனார் எழுதுவது

போடிநாயக்கனூர்,
ஐப்பசி 12, புதன்கிழமை.

மதிப்பும் மரியாதையும் நிறைந்த மாப்பிள்ளை பிரபாகரன் அவர்களுக்கு, மாமனார் கண்ணுச்சாமி கைகூப்பி எழுதிக்கொள்வது. இங்கே நானும் உங்கள் அத்தையும் இரண்டு பசுக்களும் சௌக்கியமாக இருக்கிறோம். மேலே மலையில் ஏலத்தோட்டமும் மழை புண்ணியத்தில் பச்சையாக நிற்கிறது. கடல் தாண்டி வெளிநாட்டில் நீங்களும் என் மகள் கலையரசியும் பேத்தி பவதாரணியும் சளி, காய்ச்சல் இல்லாமல் இருக்க மீனாட்சி பார்த்துக்கொள்ளட்டும். போனில் பேசாமல் எதற்குக் காகிதம் என்று நினைப்பீர்கள். போனில் உங்கள் முகத்தைப் பார்த்தால் "சாப்பிட்டீங்களா மாப்ளே" என்பதற்கு மேல் எனக்கு வாய் வராது. கல்யாணமாகி இந்த ஏழு வருஷத்தில் அதைத் தவிர வேறு கேள்வி நான் உங்களைக் கேட்டதில்லை. அதனால் எல்லாவற்றையும் எழுதி, நம்ம ஜீப் டிரைவர் சுருளியின் போனில் பக்கம் பக்கமாகப் படம் எடுத்து அனுப்புகிறேன்.

விஷயம் இதுதான். போன ஞாயிற்றுக்கிழமை குடும்ப வாட்ஸப்பில் ஒரு படம் வந்தது. உங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசை, மேசைமேல் ஊறுகாய் பாட்டில், அதற்குப் பக்கத்தில் ஒரு தோல் பெல்ட், பெல்ட்டில் ஒரு கைத்துப்பாக்கி. கூடவே லைசென்ஸ் அட்டையின் ஓரம். உங்கள் அத்தை அமுதவள்ளி ஊறுகாயைத்தான் முதலில் பார்த்தாள். "நான் குடுத்துவிட்ட நார்த்தங்கா இன்னும் தீரலையே, பிடிக்கலையோ" என்றாள். நான் மற்றதைப் பார்த்தேன். உடனே உங்களுக்குப் போன் போட்டேன், நான் கேட்பதற்கு முன்பே நீங்களாகப் பொறுமையாகச் சட்டம் சொன்னீர்கள். உங்கள் மாநிலத்தில் வகுப்பில் உட்கார்ந்து, பரீட்சை எழுதி, குறி பார்த்துச் சுட்டுக் காட்டி, கைரேகை வைத்தால் லைசென்ஸ் கொடுப்பார்களாம். அதற்கப்புறம் ஊரே பார்க்க இடுப்பில் கட்டிக்கொண்டு காய்கறி வாங்கப் போகலாமாம். பள்ளிக்கூடத்துக்குள் கூடாது, கோர்ட்டுக்குள் கூடாது, கடைக்காரர் வேண்டாம் என்று போர்டு மாட்டியிருந்தால் அங்கேயும் கூடாது, ஆற்றுப்பாலத்தைத் தாண்டினால் அடுத்த மாநிலம், அங்கே இந்த லைசென்ஸ் செல்லுமா என்று தனியாகப் பார்த்துக்கொள்ள வேண்டும். நீங்கள் மேற்கொண்டு ஏதோ சொல்ல வாயெடுத்தீர்கள். நான் "புரிஞ்சிருச்சு மாப்ளே, சாப்பிட்டீங்களா" என்று வைத்துவிட்டேன்.

மாப்பிள்ளையிடம் போய் இதைச் செய்யாதீர்கள் என்று மாமனார் சொல்வது நம் பக்கத்தில் வழக்கமில்லை. நானும் சொல்லப்போவதில்லை. என் கையில் ஒரு துப்பாக்கி கொஞ்ச காலம் இருந்ததல்லவா, அந்தக் கதையை மட்டும் சொல்கிறேன். அதிலிருந்து உங்களுக்கு என்ன தோன்றுகிறதோ தோன்றட்டும்.

உங்கள் அத்தையின் அப்பா காலமானபோது பங்கு பிரித்ததில் மச்சினன்மார் இரண்டு பேரும் ஆளுக்கொரு வீட்டை எடுத்துக்கொண்டார்கள். எனக்கு மூத்த மருமகன் என்கிற கௌரவத்துக்கு ஒற்றைக்குழல் துப்பாக்கி வந்தது. "அத்தானுக்குத்தேன் மலையில காட்டுப்பன்னித் தொந்தரவு" என்று பாசமாகச் சொன்னார்கள். தொந்தரவு உண்மைதான், ராத்திரியில் வந்து ஏலச்செடியைத் தூரோடு கிளறிப் போட்டுவிட்டுப் போகும். ஆனால் துப்பாக்கியை அப்படியே தூக்கிக்கொண்டு வந்துவிட முடியுமா? அது ஸ்டேஷனில் இருந்தது, லைசென்ஸ் என் பேருக்கு வந்தால்தான் கொடுப்பார்கள். தேனிக்கும் போடிக்கும் நடந்தேன். ஒரு டாக்டர் என் கண்ணைப் பார்த்தார், இன்னொரு டாக்டர் எனக்குக் கோபம் வருமா என்று பார்த்தார். வராது என்றேன், நம்பாமல் முக்கால் மணி நேரம் வெளியே உட்காரவைத்துப் பார்த்தார், அப்போதும் வரவில்லை. ஆள் எப்படி என்று தெருவில் விசாரிக்க ஒரு போலீஸ்காரர் வந்தார். எதிர்வீட்டு செல்லக்கிளி, "அவரா? அந்தக்கா ஒரு சத்தம் போட்டா செருப்ப மாட்டிக்கிட்டு தெருமுனைக்குப் போயிருவாரு சார்" என்று வாக்குமூலம் கொடுத்தாள். அதை அவர் "அமைதியான சுபாவம்" என்று எழுதிக்கொண்டார்.

அந்த விண்ணப்பத்தில்தான் கோட்டை விட்டேன். துப்பாக்கியை எந்தப் பகுதிக்குள் கொண்டுபோவீர்கள் என்று ஒரு கேள்வி. நான் யோசிக்கவே இல்லை, "தமிழ்நாடு" என்று கொட்டை எழுத்தில் எழுதிவிட்டேன். மாப்பிள்ளை, நீங்கள் மதுரைக்காரர், உங்களுக்கு இது பைத்தியக்காரத்தனமாகத் தெரியும். நம் தோட்டம் போடிமெட்டுக்கு அந்தப் பக்கம், இடுக்கி ஜில்லா, கேரளா. பட்டா மலையாளத்தில் இருக்கிறது, வரி அங்கேதான் கட்டுகிறேன். ஆனால் போடிக்காரன் எவனும் அதைக் கேரளா என்று சொல்லமாட்டான். "மேல போறேன், மேலயிருந்து வர்றேன்" என்பதுதான் பேச்சு. மாடிக்கு ஏறிப் போகிறவன் பக்கத்து மாநிலத்துக்குப் போகிறோம் என்று நினைப்பானா? நானும் நினைக்கவில்லை.

ஒரு வருஷம் நாலு மாதம் கழித்துத் துப்பாக்கி வீட்டுக்கு வந்தது. பூட்டி வைக்க வேண்டும் என்பது விதி, வீட்டில் பூட்டு உள்ளது ஒரே பீரோ. உங்கள் அத்தை தன் சேலைகளையெல்லாம் இறக்கி இடம் விட்டாள், ஆனால் அன்றைக்குக் குழம்பில் உப்பு இல்லை. இறக்கியதில் பழைய சேலைகளை மூட்டை கட்டித் தோட்டத்தில் வேலை பார்க்கும் முத்துப்பேச்சியிடம் கொடுத்துவிட்டாள்.

அடுத்த திங்கட்கிழமை காலையில் துப்பாக்கியை உறையில் போட்டு, உறையைச் சாக்கில் சுற்றி, வேலையாட்கள் போகிற ஜீப்பில் ஏறினேன். வெளியே தெரியக் கொண்டுபோவதெல்லாம் உங்கள் ஊர் வசதி, இங்கே அதை யாருக்கும் காட்டக்கூடாது. சுருளி, "அண்ணே, ஆளுகளுக்கே எடமில்ல, இத எங்குட்டு வைக்க?" என்றான். குறுக்கே மடியில் வைத்தேன். முத்துப்பேச்சி, "அண்ணே, சாக்குக்குள்ள அது என்னையவே பாக்குது, அங்கிட்டுத் திருப்புங்க" என்றாள். அந்தப் பக்கம் திருப்பினால் அந்தப் பக்கத்துப் பெண்கள் எல்லாரும் எழுந்து கூரையில் தலையை இடித்துக்கொண்டார்கள். முன்னால் நீட்டினால் சுருளி வண்டியையே நிறுத்திவிட்டான். உள்ளே குண்டு இல்லை என்று நான் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை. கடைசியில் இரண்டு முழங்காலுக்கும் நடுவில் செங்குத்தாக நிறுத்தி, அதன்மேல் தாடையை வைத்துக்கொண்டு அத்தனை கொண்டை ஊசி வளைவும் ஏறினேன். அதற்கப்புறம்தான் முத்துப்பேச்சி நிம்மதியாக டிபன் டப்பாவைத் திறந்தாள்.

செக்போஸ்டில் அந்தப் பக்கத்துப் போலீஸ்காரர் நல்ல மனிதர். காகிதத்தை இரண்டு தரம் வாசித்துவிட்டு, "சேட்டா, ஈ தோக்கு தமிழ்நாட்டுக்கு மாத்ரம்" என்றார், இந்தத் துப்பாக்கி தமிழ்நாட்டுக்குள் மட்டும்தானாம். "பன்னி இங்கனதான சார் இருக்கு" என்றேன். "எங்கில் பன்னியோடு அங்ஙோட்டு வரான் பறயணும்" என்றார், சிரிக்காமல். பன்றியைத் தமிழ்நாட்டுக்கு வரச் சொல்ல வேண்டுமாம். அதோடு, வைத்திருக்க ஒரு காகிதம் என்றால் பன்றியைச் சுட இன்னொரு காகிதம் வேண்டுமாம், அதை அங்கே உள்ளவர்களிடம் வாங்க வேண்டுமாம். ஜீப் ஆட்களோடு மேலே போய்விட்டது. நான் சாக்கோடு தமிழ்நாட்டுப் பக்கத்து டீக்கடைக்கு வந்து உட்கார்ந்தேன்.

கீழே இறங்கலாம் என்று பஸ்ஸில் கால் வைத்தேன். சாக்கில் என்ன என்று கண்டக்டர் கேட்டார், எனக்குப் பொய் சொல்ல வரவில்லை, பஸ் போய்விட்டது. சுருளி சாயங்காலம்தான் இறங்குவான். அதுவரை லைசென்ஸ் இல்லாதவர் கையில் அதைக் கொடுக்கவும் கூடாது, தனியாக விட்டுவிட்டு எழுந்து போகவும் கூடாது. அந்தக் குளிரில் ஏழு டீ குடித்தவனுக்கு இந்தச் சட்டம் எவ்வளவு பெரிய தண்டனை என்று வெளியில் சொல்ல முடியாது. மூணாறுக்குப் போகிற சுற்றுலாக்காரர்கள் டீக்கடைக்காரர் சொல்லி விஷயம் தெரிந்து என்னோடு நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். ஒருவர் என்னை நடிகரா என்று கேட்டார். சாயங்காலம் ஜீப் இறங்கியபோது முத்துப்பேச்சி, "பன்னி இனி வராதுண்ணே, அக்கா குடுத்த சேலையையெல்லாம் வேலிமாதிரி சுத்திக் கட்டிவிட்டுட்டோம், வெரசா வீட்டுக்குப் போயி படுங்க" என்றாள். அதேபோல் பன்றி வரவில்லை. உங்கள் அத்தையின் சேலை இரண்டு மாநிலத்திலும் செல்லுபடியாகும் போலிருக்கிறது.

அப்புறம் தேர்தல் வந்தது. லைசென்ஸ் துப்பாக்கியையெல்லாம் ஸ்டேஷனில் ஒப்படைக்க வேண்டும். ஒப்படைத்தேன், முடிந்ததும் வாங்கினேன், எண்ணெய் போட்டேன், துடைத்தேன். விருந்துக்கு வந்த மருமகன் மாதிரி ஒரு சோலியும் செய்யாமல் பீரோவில் கிடந்தது. கோபித்துக்கொள்ளாதீர்கள் மாப்பிள்ளை, பேச்சுக்குச் சொன்னேன், நானும் ஒரு வீட்டு மருமகன்தான்.

இதுவரை சொன்னது சிரிப்புக்கு. இனிமேல் சொல்வது உங்கள் அத்தைக்கும் தெரியாது. மே மாதம் நீங்கள் எல்லாரும் வந்திருந்தீர்கள். ஒரு மத்தியானம் நீங்களும் கலையரசியும் அத்தையும் குரங்கணிக்குப் போயிருந்தீர்கள், குழந்தையும் நானும்தான் வீட்டில். நான் பேப்பர் படித்துக்கொண்டே கண்ணயர்ந்துவிட்டேன். யாரோ தோளைத் தொட்டார்கள், பார்த்தால் பவதாரணி, கை முழுக்க அரிசி, அந்தக் கையில் பீரோ சாவி. அரிசி டப்பாவுக்குள் நான் ஒளித்துவைத்த சாவி. சோறு பொங்கி விளையாட அரிசி அள்ளியிருக்கிறது பிள்ளை. "தாத்தா, இது எதைத் தொறக்கும்?" என்று கேட்டது.

குண்டுகள் தனியாக வேறு பெட்டியில்தான் இருந்தன. ஒன்றும் நடந்திருக்காது என்று நூறு தடவை எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். "மாட்டுக் கொட்டத்தைத் தொறக்கும் கண்ணு" என்று சொல்லி அதைக் கூட்டிக்கொண்டு போய்ப் பசுவுக்குப் புல் போடவைத்தேன். நீங்கள் ஊருக்குப் போன மறுநாளே துப்பாக்கியையும் லைசென்ஸையும் திருப்பிக் கொடுத்துவிட்டேன். கேரளாக்காரன் விடமாட்டேங்கிறான், வச்சிருந்து என்ன செய்ய என்று எல்லாரிடமும் சொன்னேன். காரணம் அதில்லை, காரணம் இதுதான். உங்கள் பெல்ட்டை அந்த மேசைமேல் பார்த்ததிலிருந்து எனக்குப் பயமாக இருக்கிறது மாப்பிள்ளை. மேசை அந்தப் பிள்ளையின் உயரம்தான்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல எனக்கு உரிமையும் இல்லை. நீங்கள் படித்தவர், அந்த ஊர்ச் சட்டமும் வழக்கமும் தெரிந்தவர். மகளைப் பெற்றவன் என்பதால் கையெழுத்து கொஞ்சம் கோணலாகப் போய்விட்டது, பொறுத்துக்கொள்ளவும். அத்தை உங்களுக்கு நல்லெண்ணெய் தேய்த்துக் குளிக்கச் சொல்கிறாள். பேத்திக்கு முத்தங்கள், மகளுக்கு ஆசி, தங்களுக்கு என் வணக்கமும் ஆசியும். எந்தக் குறையும் வராமல் நீங்கள் மூன்று பேரும் நீண்ட நாள் சேர்ந்து இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
என்றும் தங்கள் சொல்லுக்குக் கட்டுப்பட்ட மாமனார்,
கண்ணுச்சாமி.

பின்குறிப்பு: படம் எடுக்கச் சுருளியைக் கூப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே கலையரசி அவள் அம்மாவுக்குப் போன் செய்தாள். துப்பாக்கி உங்களுடையது இல்லையாம், அவளுடையதாம். வகுப்புக்குப் போனது, பரீட்சை எழுதியது, சுட்டுக் காட்டியது எல்லாம் அவள்தானாம். நீங்கள் அது இருக்கிற அறைக்கே போவதில்லையாம். அன்றைக்கு நீங்கள் சொல்ல வந்தது இதுதான் போலும், நான்தான் சாப்பிட்டீங்களா என்று வைத்துவிட்டேன். "எத்தனை குறி விழுந்துச்சு ஆத்தா?" என்று உங்கள் அத்தை பெருமையாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். என் மகள் என்றால் எனக்கு எதற்கு இத்தனை மரியாதையும் சுற்றி வளைத்த பேச்சும்? இந்தக் கடிதத்தை அப்படியே அவளுக்கு வாசித்துக் காட்டுங்கள். "நீங்கள்" என்று வருகிற இடத்திலெல்லாம் "ஏட்டி" என்று போட்டு வாசிக்கவும்.

மறுபடியும் பின்குறிப்பு: வாசிக்க வேண்டாம். போனை நான் வாங்கி இரண்டு சத்தம் போட்டேன், அப்புறம்தான் காரணம் சொன்னாள். விடியுமுன்னே ஆஸ்பத்திரி லேப் வேலைக்குப் போகும்போது, கார் நிறுத்துகிற இடத்திலிருந்து வாசல் வரை இருட்டில் தனியாக நடக்கிறாளாம், போன மாதம் எவனோ பின்னாலேயே வந்தானாம். குழந்தை தூங்குகிற நேரம், நீங்களும் கூடப் போக முடியாது. அப்பாவிடம் சொன்னால் அப்பா தூங்கமாட்டார் என்று சொல்லவில்லையாம். "சரி, துப்பாக்கி இருக்குல்ல, இப்பப் பயமில்லையே" என்று கேட்டேன். ஆஸ்பத்திரிக்காரர்கள் வேண்டாம் என்று போர்டு மாட்டியிருக்கிறார்களாம், அதைக் காரிலேயே பூட்டிவிட்டுத்தான் அந்தத் தூரத்தை நடக்கிறாளாம். சாவி விஷயத்தை மட்டும் அவளிடம் மெதுவாகச் சொல்லுங்கள், மற்றதை விட்டுவிடுங்கள். நாளைக்கே பாஸ்போர்ட்டுக்கு எழுதிப் போடுகிறேன். காரிலிருந்து வாசல் வரைக்கும் ஒரு அப்பன் தன் மகளோடு கூட நடந்து போக உங்கள் மாநிலத்தில் லைசென்ஸ் ஏதாவது வேண்டுமா என்று விசாரித்து எழுதவும்.