பணிமூப்பு வாசித்த ஸ்பானிய இசை

“அப்பா, ஊதாதவங்களுக்கும் கை தட்டணுமா?” என்று என் மகள் ஆறு வயதில் ஒருநாள் கேட்டாள். மனிதகுலம் இதுவரை விடை காணாத இந்தக் கேள்விக்கு எங்கள் குடிநீர் வாரியம் விடை கண்டிருக்கிறது: பணிமூப்பு இருந்தால் தட்டலாம்.

வாரியத்தின் காற்றுவாத்தியக் குழுவில் நான் முதல் டிரம்பெட். காரணம், நான் அலுவலகக் கண்காணிப்பாளர். சேவை இருபத்தேழு வருடம். எனக்குப் பின்னால் உட்காருபவள் மீட்டர் கணக்கெடுக்கும் பெண், நான்கே வருடம். அவள் நன்றாக வாசிப்பாள். அதற்கு விதிகளில் இடமில்லை.

ஆண்டு விழாவுக்குத் துள்ளலான ஸ்பானியப் பாணி இசை ஒன்று முடிவானது. உள்ளங்கைக்குள் மரச்சில்லுகள் சடசடக்க, நடுவில் ஒரு டிரம்பெட் மட்டும் தனியே எழும்ப வேண்டும். அதைக் கேட்டுத் தன் குழுவுக்கு ஆள் எடுக்க நகர இசைக்குழுத் தலைவர் வருகிறார் என்றார்கள். அந்தப் பெண் மூன்று மாதம் பம்பு அறையில் வாசித்துப் பழகினாள். “தனி வாசிப்பு பணிமூப்புப்படி” என்று விழாக் குழு தீர்மானம் போட்டது.

அடுத்து, ‘ஸ்பானிய உணர்வு’ குறித்து இரண்டு மணி நேரம் விவாதித்தோம். எல்லோர் வாயிலும் ஒரு ரோஜா என்று முடிவாயிற்று.

“சார், வாயில ரோஜா இருந்தா டிரம்பெட்ட எங்க வைக்கிறது?” என்றாள் அவள்.

“மொதல்ல ரோஜா, அப்புறம் டிரம்பெட். சுழற்சி முறைம்மா,” என்றார் தலைமைப் பொறியாளர்.

“முள்ளு குத்துமே சார்?”

“முள்ளு எடுத்த ரோஜா ரெண்டு மடங்கு வெல. தணிக்கைக்காரன் கேட்டா நீயா வந்து பதில் சொல்லுவ?”

“அப்ப எனக்கு ரோஜாவே வேணாம் சார்.”

அவளிடம் விளக்கம் கேட்டுக் குறிப்பாணை போயிற்று. கையெழுத்து என்னுடையது.

மேடையில் நான் விதிப்படி கடித்தேன். முள்ளும் தன் கடமையைச் செய்தது. தனி வாசிப்பு வந்தபோது, வீங்கிய உதட்டிலிருந்து வெறும் காற்றுதான் புறப்பட்டது.

“சார், வெரல மட்டும் ஆட்டுங்க,” என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

ஆட்டினேன். அவள் வாசித்தாள். அரங்கமே எழுந்து கை தட்டியது. நான் குனிந்து ஏற்றுக்கொண்டேன்.

நகரக் குழுவின் அழைப்புக் கடிதம் என் பெயருக்கு வந்தது. மறுநாள் மாடிப்படியில் அவளைப் பார்த்தேன்.

“உதடு ஆறிடுச்சா சார்?” என்று மட்டும் கேட்டாள்.

அன்று மதியம் எல்லோரும் சாப்பிடப் போயிருந்தபோது நகரக் குழுத் தலைவருக்கு என் கைப்பட எழுதினேன்: ‘அன்று ஊதியது நான் அல்ல, எனக்குப் பின்னால் இருந்தவள்.’ நானே நடந்துபோய்த் தெருமுனைத் தபால் பெட்டியில் போட்டேன். கடவுளைத் தவிர யாரும் பார்க்கவில்லை. அவள் இப்போது நகரக் குழுவில் இருக்கிறாள். எப்படிக் கூப்பிட்டார்கள் என்று அவளுக்கே தெரியாது.

இருபத்தேழு வருட சேவையில் நான் எழுதிய உண்மையான கடிதம் அது ஒன்றுதான். அதனால்தான் அதற்கு மட்டும் கோப்பு எண் இல்லை.