பெட்டிக்குள் ஒரு கங்கோணான்

திருச்சி ஜில்லாவிலேயே நெருப்புக்குள் பிராணி வளர்த்த ஒரே மனிதர் எங்கள் தெரு இஸ்திரிக்காரர்தான். தில்லை நகரில் மற்றவர்கள் கோழி வளர்த்தார்கள், கிளி வளர்த்தார்கள், வசதி உள்ளவர்கள் அல்சேஷன் வளர்த்தார்கள். அவர் வளர்த்தது கங்கோணான், அதாவது கங்குக்குள் குடியிருக்கும் ஓணான்.

அவருக்கும் பெயர் என்று ஒன்று இருந்திருக்கும். தெரு அவரைப் 'பெட்டிக்காரர்' என்றுதான் அழைத்தது. வேப்பமரத்தடியில் தள்ளுவண்டி, வண்டிமேல் கம்பளி, கம்பளிமேல் கன்றுக்குட்டி கனத்தில் ஒரு பித்தளைப் பெட்டி. டாக்டர்களின் கோட்டு, வக்கீலின் பேன்ட், காலேஜ் ஃபாதர்களின் வெள்ளை அங்கி எல்லாம் அங்கேதான் வந்து சேரும். கரியைப் போட்டு விசிறினால் பெட்டியின் ஓட்டைகளில் சிவப்பாக ஏதோ நெளியும். நமக்கு அது கங்கு. அவருக்கு அது வால்.

நான் அப்போது அந்தத் தெருவில் ஒரு மாடி அறையில் தங்கி விலங்கியல் படித்துக்கொண்டிருந்தேன். அப்பா திருவெள்ளறைப் பக்கம் அடுத்தவர் வயலில் வேலை செய்தார். எங்கள் குடும்பத்தில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நான் என்பதால், பாடப்புத்தகத்தில் இல்லாத பிராணி பூமியில் இருக்காது என்று உறுதியாக நம்பினேன். அதை அவரிடம் பொறுப்பாக எடுத்துச் சொன்னேன்.

"புஸ்தகம் எழுதினவரு பெட்டியைத் திறந்து பாத்தாராமா?" என்று கேட்டார்.

பார்த்திருக்க மாட்டார் என்று ஒப்புக்கொண்டேன். அங்கேதான் மாட்டிக்கொண்டேன். அன்றிலிருந்து துணி கொடுக்கப் போகும்போதெல்லாம் ஒரு பாடம் நடக்கும். கங்கோணான் சுண்டுவிரல் நீளம். கண்ணுக்கு இமை கிடையாது. நெருப்புக்குள் தூசி ஏது, இமை எதற்கு? சாம்பலுக்குள் முட்டையிடும், முட்டையும் சாம்பல் நிறம் என்பதால் யாரும் பார்த்ததில்லை. மரக்கரி அதற்குக் கஞ்சி, கொட்டாங்குச்சிக் கரி பிரியாணி. துணியில் தண்ணீர் தெளித்துப் பெட்டியை வைத்ததும் 'உஸ்' என்று கேட்கிறதே, அது நம்மைத் திட்டுவது. பருத்தியை நக்கும், டெரிலினைக் கண்டால் கடிக்கும்.

இந்தக் கடைசிக் குணம் வியாபாரத்துக்கு மிகவும் உதவியாக இருந்தது. வக்கீல் சாரின் புது டெரிலின் பேன்ட் முழங்காலில் ஓட்டையோடு திரும்பிய அன்று தெருவே வேடிக்கை பார்த்தது. இதற்கு யார் பொறுப்பு என்று வக்கீல் கோர்ட்டுக் குரலில் கேட்டார்.

பெட்டிக்காரர் பதறவில்லை. "கடிச்சது அது சார். கேஸ் போடறதுன்னா அது பேர்லயே போடுங்க. சம்மன் வந்தா நான் வாங்கிக் குடுத்துடறேன்."

வக்கீல் குனிந்து பெட்டியின் ஓட்டை வழியாகப் பார்த்தார். முப்பது வருஷ அனுபவத்தில் இப்படி ஒரு எதிர்க்கட்சிக்காரரை அவர் சந்தித்ததில்லை போலும். பேன்ட்டை மடித்துக்கொண்டு போய்விட்டார்.

கார்த்திகை தீபம் வந்தால் பெட்டிக்கு லீவு. ஸ்ரீரங்கத்தில் சொக்கப்பனை கொளுத்தும்போது ஊரிலுள்ள கங்கோணான்கள் எல்லாம் அங்கே கூடுமாம். கல்யாணம் பேசி முடிப்பதும் அங்கேதானாம். வெறும் பெட்டியை வைத்துக்கொண்டு என்ன செய்ய முடியும் என்று அவரும் வண்டியைத் தார்ப்பாயால் மூடிவிட்டுக் கிளம்பிவிடுவார். அது எதில் போகும் என்று கேட்டேன், காவிரிப் பாலத்தை நடந்தா கடக்கும் என்ற சந்தேகத்தில். "தீப்பொறியில ஏறிப் போகும் தம்பி. டிக்கெட் கிடையாது."

நான் பட்டம் வாங்கிய வருஷம் கார்த்திகை முடிந்த வாரத்தில், ஒரு காலேஜில் டெமான்ஸ்ட்ரேட்டர் வேலைக்கு இன்டர்வியூ வந்தது. வேலை கிடைத்தால் அப்பா அடுத்தவர் வயலில் இறங்க வேண்டாம். கிடைக்காவிட்டால் நானும் போய் இறங்க வேண்டும். இதற்கென்றே அப்பா எடுத்துக் கொடுத்த டெரிலின் சட்டையைப் பெட்டிக்காரரிடம் கொடுத்து விஷயத்தையும் சொன்னேன். அதை இன்னொரு முறையும் சொன்னேன்.

காலையில் போனபோது அவர் சட்டையை நீட்டவில்லை, பிடித்துக்கொண்டே நின்றார். இடது மார்பில் உடலும் வாலுமாக, பழுப்பு நிறத்தில் ஒரு கருகல். அச்சு அசல் ஓணான்.

 அவர் வழக்கமாகச் சொல்வதை நானே எடுத்துக் கொடுத்தேன். "அதானே கடிச்சது?"

அவர் தலையை ஆட்டினார். "இல்ல தம்பி. அதும்மேல பழி போடாதீங்க. நான்தான். உங்க சட்டையாச்சேன்னு இன்னொரு தடவை தேச்சேன். கை தவறிக் கங்கு விழுந்துடுச்சு."

அவர் நெருப்பைப் பார்க்காமல் தரையைப் பார்த்துப் பேசியதை அன்றுதான் பார்த்தேன்.

என்னிடம் இருந்த இன்னொரு சட்டை மழையில் காயாமல் கொடியில் தொங்கியது. கருகியதையே போட்டுக்கொண்டு, சர்ட்டிபிகேட் ஃபைலை மார்போடு அணைத்தபடி போனேன். உள்ளே ஒரு ஃபாதரும் ஒரு புரொபசரும் உட்கார்ந்திருந்தார்கள். குனிந்து கும்பிட்டேன், ஃபைல் அசையவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தேன், ஃபைல் அசையவில்லை. புரொபசர் கையை நீட்டி, "சர்ட்டிபிகேட்ஸ்" என்றார்.

கொடுத்தேன். அவர் பார்வை சர்ட்டிபிகேட்டுக்குப் போகவில்லை. "அது என்னப்பா சட்டையில?"

பெட்டிக்காரர் என்று சொல்ல வாய் வரவில்லை. "கங்கோணான் கடிச்சிடுச்சு சார்" என்றேன்.

புரொபசர் கண்ணாடியைக் கழற்றினார். அப்படி ஒரு ஜந்து எந்த வகுப்பில் வரும் என்று கேட்டார். இனி ஒளிக்க என்ன இருக்கிறது? முதுகெலும்பு உண்டு, செதில் உண்டு, ஆனால் குளிர் ரத்தம் என்று சொல்லத்தான் தயக்கமாக இருக்கிறது என்று தொடங்கி, இமை, முட்டை, உணவு, சுபாவம் எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். நாலு வருஷம் பெட்டியருகே நின்று கற்ற பாடம். ஒரு இடத்திலும் தடுமாறவில்லை.  முடித்ததும் திருவெள்ளறை வயல் என் கண்முன் வந்தது.

அதுவரை பேசாத ஃபாதர் மெதுவாகக் கேட்டார்: "கார்த்திகைக்கு ஸ்ரீரங்கம் போச்சே, திரும்பி வந்துடுச்சா?"

நான் அவரைப் பார்த்தேன். அவர் அங்கியின் கைப்பக்கத்தை லேசாகத் திருப்பினார். ஓரத்தில் பழுப்பு நிறத்தில் ஒரு சின்ன வால்.

இல்லாத பிராணியைப் பற்றியே இவ்வளவு ஒழுங்காகப் பாடம் நடத்துகிறவன் தவளையைப் பற்றி நடத்தமாட்டானா என்று ஃபாதர் புரொபசரிடம் சொல்லிவிட்டு, திங்கட்கிழமை வேலையில் சேரச் சொன்னார்.

வேப்பமரத்தடியில் பெட்டிக்காரர் அன்று கரியே போடாமல் உட்கார்ந்திருந்தார். சட்டையைப் பற்றிக் கேட்டார்களா என்றார். கேட்டார்கள் என்றேன்.

"என்ன சொன்னீங்க?"

"அதுதான் கடிச்சுதுன்னு சொன்னேண்ணே. வேலை கிடைச்சிடுச்சு."

 அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். பெட்டியின் மூடியைத் திறந்து, வண்டிக்கு அடியிலிருந்து கொட்டாங்குச்சிக் கரியை இரண்டு கையாலும் அள்ளிப் போட்டார். "இன்னிக்கு அதுக்கு பிரியாணி" என்றார்.

இப்போது என் வீட்டில் மின்சாரப் பெட்டி இருக்கிறது. நன்றாகவே தேய்க்கிறது. ஆனாலும் என் சட்டைகளில் ஒன்று மாதாமாதம் வேப்பமரத்தடிக்குப் போகிறது. பருத்தி இருக்க டெரிலினையே எதற்காகக் கொடுக்கிறீர்கள் என்று என் மனைவி கேட்கிறாள். அதற்குத் தீனி வேண்டாமா என்கிறேன்.