திரைக்கு முதுகைக் காட்டி ஒரு படம்

அன்னைக்கு எனக்கு இருந்தது ஒரே ஒரு வேலைதான். டூரிங் கொட்டகைக்குப் போகணும், படத்துக்கு முன்னாடி ஓடுற சர்க்கார் நியூஸ் ரீலைப் பாத்து ஜனங்க என்ன பேசுறாங்கன்னு டேப்புல பிடிச்சுட்டு வரணும்.

எமர்ஜென்சி சமயம். காரைக்குடியில இருந்துக்கிட்டே, மதுரையில ஒரு பேராசிரியர்கிட்ட சினிமாவைப் பத்தி ஆராய்ச்சி பண்ணிக்கிட்டிருந்தேன். ஒட்டுக்கேக்குறது, ஒளிஞ்சு பாக்குறது, ரகசியக் கேமரா, இதெல்லாம் படத்துல எப்படி வருது, அதுல அரசியல் என்ன, இதான் விஷயம். வீட்டுல இதுக்கு 'படம் பாக்குற படிப்பு'ன்னு பேரு வச்சிருந்தாங்க.

பேராசிரியர் கறாரா சொல்லிட்டாரு. பாக்குற ஜனங்களோட பேச்சு இல்லாட்டி இந்தத் தலைப்பையே விட்டுரணுமாம். மூணு வருஷ உழைப்பு!

எதிர்வீட்டு ஆச்சி மகன் பினாங்குலேருந்து கொண்டு வந்த டேப் ரிக்கார்டரை இரவல் வாங்கினேன். தோல் உறை, சிவப்பு லைட்டு, நீளமா ஒரு மைக்கு. அதைத் தூக்கிட்டு கண்டனூர் ரோட்டுல சைக்கிள்ல போகும்போது எனக்கு ஒரே பெருமை.

கொட்டகையில எல்லாரும் மணல்ல உக்காந்திருந்தாங்க. பேச்சு நல்லாப் பதியணும்னா மைக்கு ஜனங்க பக்கம் திரும்பணுமே! ஒரு நாற்காலி கேட்டு வாங்கி, திரைக்கு ஓரமா போட்டு, திரைக்கு முதுகைக் காட்டி உக்காந்தேன். மடியில ரிக்கார்டர். சிவப்பு லைட்டு எரியுது.

எவ்வளவு பெரிய ஆராய்ச்சியாளன் பாருங்க!

மத்த நாள்ல நியூஸ் ரீலுன்னா கொட்டகை சந்தைக்கடைதான். மந்திரி ரிப்பன் வெட்டுனா விசில், கேலி, ஒரே கூத்து. அன்னைக்கும் மந்திரி வந்தாரு. யாரும் மூச்சு விடல.

அப்புறம் முன்னால இருந்த ஒருத்தர் என்னையப் பாத்துக்கிட்டே கைத்தட்டுனாரு. உடனே மொத்தக் கொட்டகையும் தட்டுச்சு. அணையைத் திறந்தாங்க, தட்டுனாங்க. மாட்டுக்கு ஊசி போட்டாங்க, அதுக்கும் தட்டுனாங்க.

படம் ஆரம்பிச்ச கொஞ்ச நேரத்துல ரீல் அறுந்துச்சு. வழக்கமா ஆபரேட்டரோட பரம்பரையையே இழுப்பாங்க. அன்னைக்கு இருட்டுல அத்தனை பேரும் கையைக் கட்டிக்கிட்டு உக்காந்திருந்தாங்க.

இடைவேளையில கொட்டகை முதலாளியே கலர் சோடாவோட வந்தாரு. நான் கேக்காமலே, வரியெல்லாம் ஒழுங்கா கட்டிட்டதா சொன்னாரு. ஐயா, நான் படிக்கிறவன்னேன்.

"தெரியும்ங்கய்யா. நீங்க அப்படித்தான் சொல்லுவீக."

அவர் போனதும் இன்னொருத்தர் வந்து, முதல்ல கைத்தட்டுனது தான்தான்னு ஞாபகப்படுத்திட்டுப் போனாரு.

படம் முடிஞ்சு, அழாத குறையா சைக்கிளை எடுக்கப் போனேன். கொட்டகையில கடலை விக்கிறவர் வழியை மறிச்சாரு. முகமெல்லாம் கோபம்.

"எந்த ஆபீஸ்லேருந்து வாரீக? எனக்கு ஒரு வார்த்தை சொல்லிட்டு வரக்கூடாதா?"

ஒண்ணும் புரியல. பேராசிரியர், தலைப்பு, இரவல் ரிக்கார்டர்னு எல்லாத்தையும் ஒப்பிச்சேன். அன்னைக்கு என்னைய நம்புன ஒரே ஆள் அவருதான்.

"அதான பாத்தேன். நெசமான சிஐடின்னா இப்படியா உக்காருவான்?"

உங்களுக்கு எப்படித் தெரியும்னு கேட்டேன். காகிதத்துல கடலையை மடிச்சுக்கிட்டே, குரலைத் தாழ்த்தி, "நான் சிஐடிங்க"ன்னாரு.

ஜனங்க சர்க்காரைப் பத்தி என்ன பேசுறாங்கன்னு மேல சொல்றதுதான் அவரு வேலையாம். அதுக்காக ஆறு மாசமா கடலை விக்கிறாராம். இனிமே இங்குட்டு எவனும் வாயைத் திறக்க மாட்டான், மேலதிகாரிக்கு என்னத்தச் சொல்றதுன்னு புலம்புனாரு. பாவமா இருந்துச்சு. எனக்கும் அதே கவலைதான்னேன்.

ரெண்டு பேரும் கொஞ்ச நேரம் கடலையைக் கொறிச்சோம். திடீர்னு அவரு கேட்டாரு, டேப்புல கைத்தட்டு நல்லாப் பதிஞ்சிருக்கான்னு. போட்டுக் காட்டினேன். மழை மாதிரி பொழிஞ்சுச்சு. மேல இருக்குறவங்களுக்கு இதைவிட நல்ல சேதி வேற என்ன வேணும்?

டேப்பை அவருகிட்ட குடுத்தேன். பதிலுக்கு, ஆறு மாசமா அவரு காதுல விழுந்த கேலியையெல்லாம், யாரு பேரையும் சொல்லாம, எனக்கு எடுத்து விட்டாரு. குரல்கூட மாத்தி மாத்திப் பேசுனாரு. சிரிச்சு எனக்கு வயிறு புண்ணாப்போச்சு. இப்படிப் பேசுற ஜனங்களையா ஊமையாக்கி உக்கார வச்சேன்னு வெக்கமாவும் இருந்துச்சு.

எனக்குப் பட்டம் கிடைச்சுச்சு. அவருக்குப் பிரமோஷன். தட்டுனவங்களுக்குக் கை வலிதான் மிச்சம்.