மணியம்மாள் மேல் கார் நிறுத்த வேண்டாம்

கும்மிடிப்பூண்டிக்கு மேற்கே,
கோயில் தெரு.

கர்த்தரின் கிருபை பெற்ற அண்ணன் மகன் எபினேசருக்கு, சித்தப்பா மோசஸ் ஆசீர்வாதத்தோடு சொல்லச் சொல்ல, மருமகள் சோனியா எழுதுவது. இங்கே நாங்கள் இருக்கிறோம். வேப்பம்பட்டில் நீங்கள் சௌக்கியம் என்பதைப் போன ஞாயிறு கோயில் வாசலில் உன் புதுக் காரைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன். கண்ணாடியை இறக்காமலே போய்விட்டாய், பரவாயில்லை.

நம் கோயிலின் நூற்றிருபத்தைந்தாம் வருஷத்துக்குக் கமிட்டிச் செயலாளராக நீ எழுதிய சரித்திர மலரைச் சோனியா வாசித்துக் காட்டினாள். கட்டியது வெள்ளைக்காரத் துரையாம், நிலம் கொடுத்தது பண்ணைக்காரராம், உழைத்தது "அநேக எளியோர்" என்று ஒரே ஒரு வரி. என் தாத்தா அந்த அநேகத்துக்குள் எங்கேயோ இருக்கிறார் போலும். நடந்தது என்னவென்றால், ஊர்ச் சுடுகாட்டுப் பாதையில் நம் பிணத்தை மறித்தார்கள். துரை வந்து பள்ளிக்கூடம் வேண்டுமா கோயில் வேண்டுமா என்று கேட்டபோது, நம் ஆட்கள், "பொதைக்க எடம் குடு சாமி" என்றார்கள். முதலில் வந்தது கல்லறைத் தோட்டம். அங்கே மழைக்கு ஒதுங்கப் போட்ட கொட்டகைதான் பிறகு கோயிலானது. அதை விட்டுவிட்டாய்.

போன மாதம் பொருளாளர் ஜெயராஜ் வந்து, கல்லறைத் தோட்டத்தில் யார் யார் எங்கே என்று காட்டச் சொன்னான். பேர் எழுதி வைப்பார்கள் என்று நம்பி, முழங்கால் வலியோடு வெயிலில் நடந்து ஒவ்வொருவரையும் பேர் சொல்லிக் காட்டினேன், அவனும் பின்னாலேயே சுண்ணாம்புப் பொடி தூவிக்கொண்டு வந்தான், சோடாகூட வாங்கிக் கொடுத்தான், பிறகு பார்த்தால் அது கார் ஷெட்டுக்குத் தூண் நடுகிற கணக்காம், தோண்டும்போது எலும்பு வந்தால் போலீஸ் வருமாம், அதற்குத்தான் நான். சண்டைக்குப் போனேன். இட்லி தின்றுகொண்டே சொல்கிறான், "கல்லு இருந்தா கல்லற, இல்லாங்காட்டி கிரவுண்டு நைனா." உன் அம்மாவுக்கு நீ கிரானைட் போட்டாய், அண்ணி தப்பித்தாள். பக்கத்திலிருக்கும் உன் சித்தி மணியம்மாளுக்கு நான் மரச்சிலுவை நட்டேன், கரையான் தின்றது. செம்பருத்தி வைத்தேன், போதகர் வீட்டு ஆடு தின்றது. அதற்காக அவள் கிரவுண்டா? அவளுக்குப் பக்கத்தில் எனக்கு இடம் விட்டிருக்கிறேனே என்றேன். "இனிமே அங்க பொதைக்கிறதே இல்ல. உன்ன கரண்ட்ல வெச்சிடலாம், சாம்பல எங்க வேணா வெச்சிக்கினு இரு" என்றான்.

ஆகையால் கமிட்டியைக் கூட்டி அந்த ஷெட்டை நிறுத்து. இல்லையென்றால் ஜேசிபி முன்னால் போய்ப் படுப்பேன். கரண்டில் வைத்து எரிக்கச் சம்மதிக்கவே மாட்டேன். கடைசி எக்காளம் ஊதி எல்லோரும் எழும்பும்போது நான் மட்டும் எதைப் பொறுக்கிக்கொண்டு எழும்புவது? நீயும் கைகட்டி நிற்பதானால் என் சாவுக்கு வரவேண்டாம்.

மற்றபடி ஷைனிக்கும் பிள்ளைகளுக்கும் கர்த்தர் நீண்ட ஆயுசும் நல்ல புத்தியும் தரட்டும்.

இப்படிக்கு,
சித்தப்பா மோசஸ்
(கைநாட்டு)

பின்குறிப்பு: மேலே உள்ளது நேற்று எழுதியது. இன்று சோனியா கம்பெனி ஷிப்ட் முடிந்து வரும்போது பார்த்தாளாம், தூண் நட்டுத் தகரமும் போட்டாகிவிட்டது. போய்ப் படுக்க ஜேசிபிகூட இல்லை. என்னைக் கரண்டிலேயே வைத்துவிடு. சாம்பலை ஜெயராஜிடம் கொடுக்காமல் நீயே எடுத்துப்போய், அண்ணி கல்லுக்கு வலப்பக்கம், உன் சித்தி இருக்கிற இடத்தில் கொட்டு. அந்த இடத்தில் உன் காரையே நிறுத்து. வேறு ஆளுடையது என்றால் உன் சித்தி கூச்சப்படுவாள்.