கூட்டத்துக் குரல்காரி

இன்னும் கொஞ்சம் தழுதழுக்க வேண்டும், ஆனால் அழுதுவிடக் கூடாது என்று நினைத்தபடியே அவள் அடுப்பைத் துடைத்தாள். பிறகு சுவரைப் பார்த்துச் சொன்னாள்: "இந்த வீட்டுல எனக்கு மூச்சு முட்டுது. என்னைக் கூட்டிட்டுப் போயிடு."

திரும்பினால் மாமியார், கையில் காலி டம்ளரோடு. டம்ளரை மேடையில் வைத்துவிட்டுத் திரும்பிப் போனார்.

வருடக்கணக்காகப் படங்களுக்குக் குரல் கொடுக்கிறாள். எல்லாம் கூட்டத்துக் குரல். கல்யாண வீட்டுக் காட்சியில் சிரிப்பு, சாவு வீட்டில் அழுகை, தீப்பிடித்தால் கூச்சல். இப்போதுதான் ஒரு காதல் படத்தில் கதாநாயகிக்கே பேச அழைத்திருந்தார்கள். கைநழுவிவிட்டால் கேலியாகிவிடுமே என்று வீட்டில் மூச்சுவிடவில்லை.

மறுநாள் குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டுப் பேசிப் பார்த்தாள். மருமகள் உள்ளே அழுகிறாள் என்று மகனுக்குச் செய்தி போயிற்று. வம்பே வேண்டாமென்று மொட்டை மாடிக்குப் போய், "உன்னை விட்டா எனக்கு யாரு இருக்கா?" என்று உருகினாள். பக்கத்து மாடியில் துணி காயப்போட்ட பல் டாக்டர் பக்கெட்டை விட்டுவிட்டு இறங்கி ஓடினார். அடுத்த நாள் தலைவாரி, சென்ட் பூசிக்கொண்டு வந்து நின்றார்.

கணவன் காதுக்கு அதுவும் எட்டியது. வேறு வழியில்லாமல் உண்மையைச் சொன்னாள்.

சிரித்துவிட்டான். "கதாநாயகிக்கா? நீயா? பொய் சொன்னாலும் பொருந்தச் சொல்லணும். யாரு அவன்?"

அவன் சந்தேகப்பட்டதைக்கூட அவள் மறந்துவிடுவாள். அந்தச் சிரிப்புதான் முள்ளாகத் தைத்தது.

மறுநாள் அவளைப் பின்தொடர்ந்து வந்தவன், ஒலிப்பதிவு அறைக்கதவைத் தள்ளிக்கொண்டே நுழைந்தான். உள்ளே ஓர் ஆண்குரல், "வா, ஓடிப் போயிடலாம்" என்று கெஞ்சிக்கொண்டிருந்தது. அவன் பாய்ந்து தோளைப் பிடித்துத் திருப்பினான். குரலுக்குத்தான் இருபத்தைந்து வயது. ஆளுக்குத் தலையில் முடியும் இல்லை, வாயில் பாதிப் பல்லும் இல்லை.

"கெடுத்துட்டீங்களே சார்," என்று ஒலிப்பதிவாளர் தலையில் அடித்துக்கொண்டார். "கதாநாயகி குரல் எவ்வளவு அருமையா வந்துச்சு."

வீட்டுக்கு வந்ததும் அவன் அம்மாவிடம் பாய்ந்தான். எல்லாம் அவர் மூட்டிவிட்டதால் வந்த மானக்கேடு என்றான்.

மாமியார் அசரவில்லை. "குளிக்கிற ரூம்ல அழுதா. நடுவுல நிறுத்தி, 'சே, பத்தலை'ன்னுட்டு மறுபடி முதல்லேருந்து அழுதா. அன்னைக்கே தெரியும்டா எனக்கு. ஆனா நீ அவ பேச்சைக் காது குடுத்துக் கேட்டே வருஷமாச்சே. அதான் போட்டுக் குடுத்தேன்."

அவன் அவளருகே வந்து, அந்த "உன்னை விட்டா எனக்கு யாரு இருக்கா" வசனத்தை ஒரே ஒரு தடவை தனக்காகச் சொல்லச் சொன்னான்.

அவள் ஈரக்கையைத் துடைத்துக்கொண்டாள்.

"மாட்டேங்க. படம் வரட்டும். டிக்கெட் வாங்கிட்டு வந்து கேளுங்க."